தென்னூர் லைன் வீட்டு நோட்டீஸ்

பஸ் ஸ்டாண்டில் யாரோ போஸ்டர் ஒட்ட, அந்த மைதாப் பசை வாசனையில், இன்று இல்லாத எங்கள் தென்னூர் லைன் வீடுகளும், உருதும் தெலுங்கும் தமிழும் குடத்தோடு குடம் இடித்துச் சண்டை போட்ட குழாயடியும் நினைவுக்கு வந்தன. எந்தப் பாஷையில் திட்டினாலும் எல்லோருக்கும் உறைக்கும்.

ஒருநாள் அங்கே இங்கிலீஷில் நோட்டீஸ் ஒட்டினார்கள். லைனிலேயே இங்கிலீஷ் தெரிந்தவன் எட்டாம் வகுப்பிலிருந்த நான்தான். ஒரு மாதத்தில் எல்லோரும் காலி செய்ய வேண்டுமென்று மூன்று பாஷையிலும் சொன்னேன்.

"உங்க வாத்தியார் சரியாச் சொல்லிக்குடுக்கலை பேட்டா, இன்னொரு தடவை படி," என்றார் பக்கத்து வீட்டு மெஹருன்னிசா மாமி. என் படிப்பை யாராவது குறை சொன்னால் சண்டைக்குப் போகும் அம்மாகூட, "ஆமாண்டா, நிதானமாப் பாரு," என்றாள்.

தப்பாகத்தான் படித்திருக்க வேண்டுமென்று வேண்டிக்கொண்டே, மறுபடி முதல் வரியிலிருந்து ஆரம்பித்தேன்.