கல்வீட்டு வாடை

மழை பிடித்துக்கொண்ட மதியம். காவலாளி எலுமிச்சை மணக்கும் ஸ்பிரேயை மூலை மூலையாக அடித்துக்கொண்டு போனார். பழவேற்காட்டில் டச்சுக்காரர்கள் கட்டிய அந்தக் கல்வீடு இப்போது அருங்காட்சியகம். நான் பிறந்தது அதில்தான்.

அடைமழையில் வெயில் பார்க்காத நாட்களில் குப்பத்துப் பெண்கள் ஈரச் சென்னாக்குன்னியைக் கூடை கூடையாகக் கொண்டுவந்து எங்கள் கூடத்துக் கல்தரையில் பரப்புவார்கள். அம்மா சுற்றிலும் நெருப்புச் சட்டிகளை வைப்பாள். கல் மெல்லச் சூடேற, அந்தப் பொடி இறால் காய்ந்து, துடைப்பத்தால் தள்ளத் தள்ளச் சரசரக்க, அதன் ஓரத்திலேயே பாய் விரித்துச் சுருண்டுகொள்வோம். சட்டை, சோறு, தலைமுடி, சுவர் எல்லாவற்றிலும் அந்த வாடைதான்.

புகையேறிய சுவரைச் சுரண்டி வெள்ளையடித்திருக்கிறார்கள். ‘ஆளில்லாமல் பாழடைந்து கிடந்த மாளிகை’ என்று வாசலில் பலகை.

காவலாளி என்னிடம் வந்தார். “தப்பா நெனைக்காதீங்கம்மா. மழை பெஞ்சா செவுத்துலருந்து கருவாட்டு நாத்தம் வருது. இன்னா அடிச்சாலும் போவ மாட்டேங்குது. யாரோ கண்டவங்க உள்ள பூந்து கெடந்தாங்களாம்.”

அதிகாரிகள் வந்து வீட்டைக் காலி பண்ணச் சொன்ன அன்று நைனா ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசவில்லை. நெருப்பில் தண்ணீர் ஊற்றி, பாயைச் சுருட்டி, பொழுது சாய்வதற்குள் இறங்கிவிட்டோம்.

அந்த வாடைக்கு இருந்த ரோஷம் எங்களுக்கு இல்லை.