மூழ்கிய பயிரும் நான் ஏற்றிய மூன்று விளையாட்டுகளும்

எழுத்துக் கூட்டித்தான் எனக்குப் படிக்க வரும். ஆனாலும் மகன் கொடுத்த பழைய செல்போனில் மூன்று விளையாட்டுகளை நானே ஏற்றியிருந்தேன்.

ஐப்பசி மழையில் எங்கள் சம்பா நடவு மூழ்கியது. தண்ணீர் வடிவதற்குள் படம் எடுத்தால்தான் நிவாரணத்துக்குக் காட்ட முடியும். வரப்பில் நின்று அமுக்கினால், போனில் இடமில்லை என்று வந்தது.

"மூணு விளையாட்டை ஏத்தி வச்சா எங்கேருந்து அத்தை இடமிருக்கும்?" என்றாள் மருமகள்.

"பொறுடி, ஏத்துனவளுக்கு எறக்கத் தெரியாதா?" என்றேன்.

நிதானமாகக் கூட்டிப் படித்து, இருநூறு கட்டம் தாண்டியிருந்த விளையாட்டையும் இன்னொன்றையும் நீக்கினேன். நாலு மா நிலமும் தண்ணீரோடு படத்தில் விழுந்தது. கணக்கெடுக்க வந்தவர் அதைப் பார்த்துத்தான் எழுதிக்கொண்டார்.

இப்போது மழைக்காலத்துக்கு முன்பே போனில் இடம் ஒதுக்கிவிடுகிறேன். பிறகு போன் வாங்கிய மருமகளும் இடம் ஒதுக்க அதை என்னிடம்தான் நீட்டுகிறாள்.