ஸ்டொப்பர் கையுறை போட்ட நாள்

கோர்னர் பந்து உள்ளே வந்தபோது கஜன் இரண்டு கையையும் நீட்டிக் குதித்தான். எதிரணிக்காரனின் முழங்கால் அவன் நெற்றிப்பொட்டில் இடித்தது. இரண்டடி தள்ளி நின்ற எனக்கு அந்தச் சத்தம் தெளிவாகக் கேட்டது.

கஜன் எங்கள் கோல் காப்பாளன், பக்கத்துச் சல்லிக் கிராமத்துக்காரன். ஸ்டொப்பராக ஏழு வருடம் அவனுக்கு முன்னால் நின்று பந்து மறித்தவன் நான். காலையில் துறைமுகப் பக்கம் ஒரு பட்டறையில் வெல்டிங், பின்னேரம் ஒப்பந்த உதைபந்தாட்டம். இரண்டும் என் தொழில்.

அன்று திருகோணமலையில், எங்கள் சொந்த மைதானத்தில் ஆட்டம். ஒன்றுக்குப் பூச்சியம் என்று முன்னுக்கு நின்றோம். வென்றால் முதல் பிரிவில் நிலைப்போம். இல்லாவிட்டால் கீழே இறங்க வேண்டும். இன்னும் இருபது நிமிடம் இருந்தது.

கஜன் எழும்பினான். இரத்தம் இல்லை.

"ஒண்டுமில்லை மச்சான், விளையாடு."

கொஞ்ச நேரத்தில், "எத்தனைக்கு எத்தனையடா?" என்று கேட்டான். சொன்னேன். அடுத்த கோல் கிக்கிற்கு முன்னும் அதையே கேட்டான். மூன்றாம் தரமும் கேட்டான். கோட்டோரம் ஓடிக் கோச்சிடம் சொன்னேன்.

"மாத்திறதுக்கு ஆள் முடிஞ்சுது. அவனை எடுத்தா பத்துப் பேர். தாங்குங்கோடா!"

"சேர், அவனுக்கு நிதானம் இல்லை."

"நீ உன்ர இடத்துக்குப் போ!"

போனேன். அதை ஒளிக்க விரும்பவில்லை. ஐந்து நிமிடம் வாய் திறக்காமல் விளையாடினேன். அப்போது எங்கள் ஆள் ஒருவன் பந்தைத் தலையால் மெதுவாகப் பின்னுக்குத் தட்டினான். கஜன் குனியவேயில்லை. காலருகே உருண்டுபோன பந்தைப் பார்த்துக்கொண்டு நின்றான். நான் சறுக்கி விழுந்து, கோட்டிலிருந்து அதை வெளியே உதைத்தேன். எழும்பி நேரே மத்தியஸ்தரிடம் போனேன்.

அவர் கஜனிடம் வந்தார். "தம்பி, ஏலுமா?"

"ஓம் சேர்."

ஆட்டத்தைத் தொடர அவர் விசிலை வாய்க்குக் கொண்டுபோனார்.

"சேர், இது எந்த ஊர் மைதானம் எண்டு கேளுங்கோ," என்றேன்.

கேட்டார். கஜன் சுற்றிப் பார்த்தான். யோசித்தான்.

"மட்டக்களப்புத்தானே?"

எதிரணிக்காரர்கூடச் சிரிக்கவில்லை.

அவனை ஸ்ட்ரெச்சரில் கொண்டுபோனார்கள். அவன் வியர்வை காயாத கையுறையை நான் போட்டுக்கொண்டு கோலுக்குள் நின்றேன். கடைசி நிமிடத்தில் இடது பக்கம் தாழ்வாக ஒரு அடி வந்தது. பிந்திப் பாய்ந்தேன். ஒன்றுக்கு ஒன்று. இறங்கிவிட்டோம்.

"ஒரு கழகத்தையே கவிழ்த்துப்போட்டாய்," என்றார் கோச். எனக்காக ஒருவரும் கதைக்கவில்லை.

கஜனுக்கு மண்டைக்குள் இரத்தம் கசிந்திருந்தது. அன்றே வேறு ஊருக்கு அனுப்பிச் சத்திரசிகிச்சை செய்தார்கள். "இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தால் ஆளைக் காப்பாத்தியிருக்க ஏலாது," என்று அவன் மனைவியிடம் டொக்டர் சொன்னாராம். பிழைத்தான். பிறகு அவன் கோலுக்குள் நிற்கவில்லை.

என் ஒப்பந்தத்தையும் நீட்டவில்லை. கோச்சை மீறுகிறவன் என்ற கதை பரவி, வேறு கழகங்களும் கூப்பிடவில்லை. வெல்டிங்கோடு நின்றுவிட்டேன். அந்தக் கடைசிப் பந்தைத் தடுத்திருக்கலாம் என்ற வருத்தம் இன்றைக்கும் உண்டு. கஜனை வெளியே அனுப்பியதில் இல்லை. முதல் கேள்வியிலேயே அனுப்பாததில் உண்டு.

பின்களத்தில் ஆடுகிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்வேன். தலையில் அடிபட்டவனிடம் ஏலுமா என்று கேட்காதீர்கள். விளையாட்டுக்காரன் எவனும் ஓம் என்றுதான் சொல்வான்.