ஒத்தக் கேசட்டு மிஷின்

இப்ப ஆளாளுக்கு ஃபோன்லயே கேம் ஆடுறாங்க. அப்ப எங்க மீமிசல்ல டிவி கேம்னா, ஒரிஜினலைப் பாத்து அடிச்ச காப்பி மிஷின்தான். அதுக்குக் கேசட்டு கீரனூர் வரைக்கும் எந்தக் கடையிலயும் கெடைக்கும். ஒண்ணுல ஆயிரம் கேம்னு போட்டிருப்பான், ஆடிப் பாத்தா ஏழெட்டுத்தான் தேறும். பயலுகளுக்கு அது போதும்.

எங்க மச்சான், அதான் எங்க வீட்டுக்காரர், சவுதியிலேருந்து ஒரிஜினலையே கொண்டாந்தார். ப்ளேன்ல மடியிலயே வச்சுக்கிட்டு வந்தாராம். கூட வந்தது ஒத்தக் கேசட்டு, மேலேருந்து விழுற கட்டைகளை அடுக்குற கேம். ஊர்க் கேசட்டு எதுவும் அதுக்குள்ள போகல. எங்க பயலுக ரெண்டு பேரும் ஒரே வாரத்துல அதைக் கைகழுவிட்டு, பக்கத்து வீட்டுக் காப்பி மிஷினுக்கு ஓடிட்டானுக. ஊர்ல ஒருத்தரும் சீண்டல. மச்சான் மொகம் செத்துப்போச்சு. லீவு முடிஞ்சு போறப்ப அதைத் துண்டுல சுத்தி பீரோ மேல வச்சிட்டுப் போனார்.

நான் எறக்கினேன். சோறாக்கி, மத்தியான லுஹர் தொழுதுட்டு, பயலுக ஸ்கூல்ல இருக்கிற நேரமாப் பாத்து ஆடுவேன். மொத நாள் ஒரு வரிசைகூட ஒழுங்கா அடுக்க வரல. ரெண்டு வருசத்துல கடைசி ஸ்பீடையும் தாண்டிட்டேன். மீன் அரியுற வேகத்துல கட்டையைத் திருப்பித் திருப்பி வைப்பேன். பெருமையாத்தான் சொல்றேன், அது எனக்கு யாரும் சொல்லித் தந்ததில்ல. ஆனா ஃபோன்ல மச்சான்கிட்ட மூச்சு விடல. ரெண்டு புள்ள பெத்தவ கேம் ஆடுறாளான்னு சிரிப்பாரேன்னு வெக்கம்.

அடுத்த லீவுல வந்தவர், அதைக் குடுத்துட்டுக் காப்பி மிஷின் மாத்திக்கிறேன்னு கேசட்டுக் கடைக்காரரை வீட்டுக்கே வரச்சொல்லிட்டார். வாசல்ல பைக் வந்து நின்னுச்சு. எந்திரிச்ச மச்சான் கையை உள்ளயே புடிச்சேன்.

"குடுக்காதீங்க மச்சான். நான் வெளையாடுறேன்."

"நீயா?"

டிவியைப் போட்டு உக்காந்தேன். மொதக் கட்டையே கோணலா விழுந்துச்சு. அப்பறம் புடிச்சிட்டேன். நின்னுக்கிட்டே பாத்தவர் பாதியில எம் பக்கத்துல உக்காந்துட்டார். வெளிய ஹாரன் அடிச்சதுகூட அவருக்குக் கேக்கல.

கடைசில எந்திரிச்சு வாசலுக்குப் போனார்.

"மாத்தலண்ணே, வீட்டுல ஆடுறாங்க."

"யாரு, பயலுகளா?"ன்னார் கடைக்காரர்.

"எம் பொண்டாட்டி"ன்னார் மச்சான், தெருவுக்கே கேக்குற மாதிரி.