சந்தேகத்தின் பலன்

எங்கள் சோளக்காட்டுக்குப் போகும் வண்டித்தடத்தை அப்பாவின் பங்காளி, எனக்குப் பெரியப்பா முறை, ஒருநாள் முள்வேலி போட்டு அடைத்தார். அப்பாவும் அண்ணனும் வேலியைப் பிடுங்கி எறிந்தார்கள். கைகலப்பு ஆயிற்று. பெரியப்பா நேராக ஸ்டேஷனுக்குப் போய்ப் புகார் எழுதிக் கொடுத்தார். எங்கள் பக்கம் புகார் என்றால் அடித்தவனோடு நிறுத்த மாட்டார்கள். ரேஷன் கார்டில் இருக்கிற பேரையெல்லாம் எழுதுவார்கள். அப்பா, அண்ணன், அம்மாவுக்கு அடுத்து வழக்கில் நான் நான்காம் எதிரி ஆனேன்.

அன்றைக்கு நான் ஊரிலேயே இல்லை. நாமக்கல்லில் போலீஸ் தேர்வுக்கான பயிற்சி வகுப்பில் இருந்தேன். அங்கே வருகைப் பதிவேட்டில் என் கையெழுத்து இருக்கிறது.

எழுத்துத் தேர்வில் தேறினேன், பெண்களுக்கான ஓட்டத்திலும் தேறினேன். வழக்கு ஏதும் உண்டா என்று விண்ணப்பத்தில் கேட்டதற்கு ஒளிக்காமல் உண்டு என்று எழுதினேன். விடுதலை வாங்கிவிட்டால் வேலை வந்துவிடும் என்றார் வக்கீல். பதிவேட்டின் நகலை நீட்டினேன். சாட்சிகள் பிறழ்ந்தால் கேஸ் தானாக விழுந்துவிடும், இதெல்லாம் எதற்கு என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். ஊரில் சமாதானம் பேசினார்கள். பெரியப்பா தடத்தைத் திறந்துவிட வேண்டும், கோர்ட்டில் எங்களுக்கு எதிராக எதுவும் சொல்லக் கூடாது.

அவர் வாக்குத் தவறவில்லை. கூண்டில் ஏறி, யார் அடித்தார்கள் என்று பார்க்கவில்லை என்றார். நாலு பேரும் விடுதலை.

தீர்ப்பின் கடைசி வரியை நாங்கள் யாரும் படிக்கவில்லை. போலீஸ் இலாகா படித்தது. சந்தேகத்தின் பலனை அளித்து விடுதலை. அப்படி வெளியே வந்தவர் குற்றமற்றவர் ஆகிவிட மாட்டாராம், விதி அப்படியாம். வேலை இல்லை என்று கடிதம் வந்தது. ஹைகோர்ட்டுக்குப் போனேன். கீழ்க்கோர்ட்டில் காட்டாத பதிவேட்டை இங்கே எப்படிப் பார்ப்பது என்று கேட்டு மனுவைத் தள்ளுபடி செய்தார்கள். அதற்குள் வயது வரம்பும் தாண்டிப் போயிற்று. இப்போது சேலத்தில் ஒரு ஜவுளிக்கடை வாசலில் வருகிறவர்களின் பையைச் சோதிக்கிறேன். சட்டை காக்கி இல்லை, நீலம்.

போன மாதம் பெரியப்பா தன் மகள் கல்யாணத்துக்குப் பத்திரிகை வைக்க எங்கள் வீட்டுக்கு வந்தார். கேட்டே விட்டேன்.

"அந்தப் புள்ள அன்னைக்கு அங்க இல்லீங்கன்னு கூண்டுல ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமுங்களே, பெரியப்பா."

அவர் பதறவில்லை.

"அப்பறம் எதுக்கு அவ பேரை எழுதிக் குடுத்தேன்னு ஜட்ஜு என்னையல்ல கேப்பாரு, சாமி."

இத்தனை நாளும் அவர் விவரம் தெரியாமல் செய்துவிட்டார் என்றே நினைத்திருந்தேன். விவரம் தெரிந்துதான் செய்திருக்கிறார். விடுதலையான அன்று கோர்ட்டு வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு இந்த மனிதர் காலில் விழுந்து கும்பிட்டவள் நான். வேலை போனதைக்கூட விட்டுவிடுவேன். அந்தக் கும்பிடை நினைத்தால்தான் வயிறு எரிகிறது.