முனிரத்தினம் சாரும் ‘குரோக்’குங்கிற வார்த்தையும்

முனிரத்தினம் சார் போய்ட்டாரு.

காலையில பஸ் ஸ்டாண்டாண்ட டீ குடிச்சிகினு இருந்தப்ப போன் வந்துச்சு. டீய அப்படியே வெச்சிட்டு ஓடினேன்... இப்ப தான் எல்லாம் முடிஞ்சு வந்து குளிச்சேன்.

தெரியாதவங்களுக்காக சொல்றேன். ஆர்.கே.பேட்டையில எங்க ஆபீஸ்ல எனக்குப் பக்கத்து டேபிள். திருத்தணியில ஒரே டவுன் பஸ் ஏறுவோம், சாயங்காலம் ஒண்ணாவே திரும்புவோம். என்னை விட ரொம்பப் பெரியவரு. என் பேரச் சொல்லிக் கூப்ட்டதே இல்ல... "நைனா" தான்.

மனுஷனுக்கு ஒரு கிறுக்கு. செத்துப்போன இங்கிலீஷ் வார்த்தைங்களா பாத்து புடிச்சிகினு வருவாரு. இப்ப யாரும் பேசறதில்ல, எழுதறதில்ல, அந்த மாதிரி. "சார், இருக்கிற இங்கிலீஷே எங்களுக்குத் தகராறு"ன்னு கும்புடு போட்டாலும் விடமாட்டாரு.

அதுல ஒண்ணு மட்டும் ஆபீஸ் பூரா ஒட்டிகிச்சு. குரோக். ஜி, ஆர், ஓ, ஏ, கே.

ஒருத்தர் சாப்புடறத இன்னொருத்தர் உத்துப் பாத்துகினே இருக்கிறது... நமக்கும் ஒரு வாய் கெடைக்குமான்னு. வாயத் தொறந்து கேக்கவும் மாட்டாரு, எடத்த விட்டு நகரவும் மாட்டாரு. அதுக்குப் பேரு தான் குரோக்.

ஸ்காட்லாந்து பக்கம் நாய்ங்களுக்கு சொல்லிகினு இருந்தாங்களாம். ஒருத்தர சந்தேகமா மொறைச்சுப் பாக்கிறதுக்கும் இதே வார்த்தை ஓடிச்சாம். "இதப் போய் எப்படி நைனா விட்டாங்க வெள்ளக்காரனுங்க? நமக்கு தினம் தேவப்படுதே!"ம்பாரு.

உண்மை தான். மத்தியானம் டிபன் பாக்ஸத் தொறந்தா எங்க மேனேஜர் கரெக்டா கதவாண்ட வந்து நிப்பாரு. "இன்னா இன்னிக்கு, மீன் கொழம்பா?" சார் தலை நிமிராம "குரோக்"னு ஒரு இருமல் இருமுவாரு... எனக்கு சோறு பொரை ஏறிடும்.

மலை மேல கொரங்குங்க தேங்காமூடியப் பாத்தா அது குரோக். நான் அவரு வடையப் பாத்தா நானும் குரோக்.

என் தங்கச்சி கல்யாணம் திருத்தணியில தான் நடந்துச்சு. நல்ல முகூர்த்தம், ஊர் பூரா கல்யாணம், பந்தியில எடமே இல்ல. சாப்புடறவங்க ஒவ்வொருத்தர் சேருக்குப் பின்னாடியும் ஒருத்தர் எடம் புடிச்சிகினு நிக்கிறாங்க.

சார் ஒரு பெரிய மீசைக்காரர் சேரப் புடிச்சிகினு நிக்கிறாரு. அந்தாளு மறுபடியும் பாயாசம் வாங்கறாரு, அப்பறம் மோருக்கு சோறு கேக்கறாரு... எழுந்திரிக்கிற வழியக் காணோம். சார் அங்கருந்தே கத்தினாரு, "நைனா, இன்னிக்கு நான் தான்டா குரோக்!"

மீசைக்காரர் திரும்பி "இன்னா சார்?"ன்னு கேட்டாரு. "ஒண்ணுமில்லீங்க, நிதானமா சாப்புடுங்க"ன்னு சார் அவரு தோளத் தட்டினாரு.

போன வருஷம் அவருக்கு ஸ்ட்ரோக் வந்துச்சு. கை கால் கூட பரவால்ல... முழுங்கற சக்தி போச்சு, பேச்சும் போச்சு. மூக்குல டியூப். வாய் வழியா எது குடுத்தாலும் நுரையீரலுக்குப் போயிடும்னு டாக்டர் கண்டிப்பா சொல்லிட்டாரு.

போன ஞாயித்துக்கெழம பாக்கப் போயிருந்தேன். இத எழுதவா வேணாவான்னு தெரியல... எழுதறேன்.

அவரு வீட்டம்மாவ நான் அக்கான்னு தான் கூப்புடுவேன். ஆவி பறக்க இட்லி, வேர்க்கடலை சட்னி எடுத்துகினு வந்தாங்க. "வேணாம்க்கா, இப்ப தான் சாப்ட்டேன்"னு பொய் சொன்னேன்.

"நம்ம வீட்டுக்கு வந்துட்டு வெறும் வயித்தோட போவீங்களா?"ன்னு கட்டிலாண்டயே ஸ்டூலப் போட்டுட்டாங்க. "இங்கியே உக்காந்து சாப்புடுங்க தம்பி, அவருக்கும் தொணையா இருக்கும்."

அக்கா அப்டி சொல்றப்ப எப்படிங்க மறுக்கிறது? தட்ட எடுத்துகினு கிச்சனுக்காவது போயிருக்கலாம். போவல... உக்காந்தேன்.

நிமிந்தா சார் தட்டையே பாத்துகினு இருக்காரு. சத்தமில்லாம உதடு மட்டும் அசஞ்சுது. குரோக்.

நான் சிரிச்சேங்க. பழைய ஞாபகத்துல சத்தமா சிரிச்சிட்டேன். அவரு சிரிக்கல.

சட்னியக் காட்டினாரு. அப்பறம் நாக்க நீட்டி வெரலால தொட்டுக் காட்டினாரு. துளியூண்டு... தடவச் சொல்றாரு.

"வேணாம் சார், டாக்டர் திட்டுவாரு. சீக்கிரம் நல்லாயிடும், ஆபீஸ்ல எல்லாரும் சேந்து சாப்புடலாம்"னு கொழந்தைக்கு சொல்றாப்ல சொன்னேன். நல்லாவாதுன்னு எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும்.

செவுத்துப் பக்கம் திரும்பிகினாரு.

நான் மிச்ச இட்லியையும் சாப்ட்டேன். தட்டுல வெச்சா அக்கா மனசு கஷ்டப்படுமேன்னு சட்னிய வழிச்சு சாப்ட்டேன்.

நீ பண்ணது சரி தான்டான்னு எல்லாரும் சொல்றாங்க. குடுத்து ஏதாவது ஆயிருந்தா? ஆங், சரி தான்... ஆனா எனக்கு மனசு ஆறல.

இன்னிக்கு எடுக்கறதுக்கு முன்னாடி வாய்க்கரிசி போடக் கூப்ட்டாங்க. சொந்தக்காரங்க போடட்டும்னு நான் வாசலாண்ட ஒதுங்கி நின்னுகினு இருந்தேன்.

அக்கா தான் தேடிக் கூப்ட்டாங்க. "தம்பி, நீங்களும் போடுங்க. வீட்டுல சாப்ட்டத விட உங்க கூட சாப்ட்டது தான் ஜாஸ்தி."

டியூப எடுத்திருந்தாங்க. ரொம்ப நாள் கழிச்சு சாரோட முழு மொகம். வாய் லேசா தொறந்து இருந்துச்சு.

பச்சரிசிய அள்ளினேன்... கை அங்கியே நின்னுடுச்சு. பின்னாடி யாரோ "போடுங்க சார், நேரமாவுது"ன்னாங்க.

கேட்டப்ப குடுக்காத கையால தான் போட்டேன் சார். மன்னிச்சிடுங்க... போய்ட்டு வாங்க.