கண்ணைக் கட்டி ஊட்டிய உப்புமா

பெருமாட்டி ஊர்ப் பஞ்சாயத்து ஹாலுக்குள் காலை வைத்ததுமே திரும்பிப் போய்விடலாமா என்றிருந்தது பூபதிராஜாவுக்கு. மனைவி பெரியம்மாள் பக்கவாதத்தில் விழுந்ததிலிருந்து தோப்பு, மாடு, அவளைக் குளிப்பாட்டுவது, புரட்டிப் படுக்க வைப்பது எல்லாம் அவர் ஒருவர்தான். வீட்டுக்கு வந்து பார்க்கிற நர்ஸ் ஜின்சிதான், நோயாளிகளைப் பார்த்துக்கொள்பவர்களுக்கு ஒரு கூட்டம் நடக்கிறது என்று வற்புறுத்தி அழைத்திருந்தாள். பக்கத்து வீட்டுப் பூமாரி வீட்டில் பெரியம்மாளுக்குத் துணையாக உட்கார்ந்திருந்தாள்.

யாராவது பேசுவார்கள், கொஞ்ச நேரம் சாய்ந்து கிடக்கலாம் என்று நினைத்து வந்தவருக்கு, ஜின்சி ஒரு தட்டு உப்புமாவும் ஒரு துண்டும் கொடுத்தாள். இரண்டிரண்டு பேராக உட்கார வேண்டுமாம். ஒருவர் கண்ணைக் கட்டிக்கொள்ள, மற்றவர் ஊட்ட வேண்டுமாம்.

"இதென்னுங்க, சின்னப்புள்ளைங்க வெளையாட்டாட்ட?"

எதிரில் உட்கார்ந்த மளிகைக்கடை அப்துல் ஷுக்கூர் சிரித்தார். அவருடைய தாயாருக்கு ஞாபகம் போய்ப் பல காலம் ஆகிறது. "மொதல் தடவ நான் எந்திரிச்சு ஓடியே போயிட்டேனுங்க. கட்டிக்கோங்க."

கண்ணைக் கட்டிக்கொண்டு, பெண்கள் இருக்கிற இடத்தில் இன்னொரு ஆணிடம் வாயைத் திறந்து காட்ட பூபதிராஜாவுக்குக் கூசியது. ஆனால் ஷுக்கூர் அவசரப்படவில்லை. ஒவ்வொரு வாய்க்கும் நிறுத்தி, "தண்ணி வேணுங்களா?" என்று கேட்டார். அப்படி ஒருவர் கேட்டு எவ்வளவு நாளாயிற்று என்று அவருக்கு நினைவில்லை.

பிறகு ஊட்டுவது பூபதிராஜாவின் முறை. கை பழக்கத்தில் வேகமாக ஓடியது. நாலாவது வாயில் ஷுக்கூருக்குப் புரையேறிற்று.

"மொள்ளங்க... முழுங்க உடுங்க."

பூபதிராஜாவின் கை அப்படியே நின்றது.

"ஊட்டுல இப்படித்தானுங்க குடுக்கறேன். ஒரு பக்கம் மாடு கத்தும். சீக்கிரம் முடிஞ்சாப் போதும்னு இருக்கும். அவ வாய மூடிக்குவா. புடிவாதம்னு வைவேனுங்க."

பக்கத்துப் பாயில் வேறொருவருக்கு ஊட்டிக்கொண்டிருந்த கௌலத் தண்ணீர்ச் செம்பை நகர்த்தி வைத்தாள். மீதி உப்புமாவை அவர் மெதுவாக ஊட்டி முடித்தார்.

வெளியே வந்ததும் ஷுக்கூர் கேட்டார்: "அடுத்த கூட்டத்துக்கு வருவீங்களா?"

"தெரியலீங்க. ஒடம்பு ஒத்துழைச்சாப் பாக்கலாம்."

அன்று சாயங்காலம் கஞ்சி ஊட்டும்போது, பெரியம்மாளின் தொண்டை அசைகிறவரை கரண்டியைப் பிடித்தபடி காத்திருந்தார். கஞ்சி ஆறிப்போனது. இடுப்பு கடுத்தது. பாதியில் அவருக்கே கண் சொருகியது.

பெரியம்மாள் நல்ல கையால் அவர் முழங்காலைத் தட்டி, வாயைத் திறந்தாள்.